கோயில் அண்டாவைப் பேரீச்சம்பழத்துக்குப் போடும் கிளீனர்கள்

மக்களே, இன்னிக்குக் கொஞ்சம் காரமான பதிவு. ரத்தக்கொதிப்பு இருக்கறவங்க ஒரு டம்ளர் மோர் குடிச்சுட்டு வந்து படிங்க :-)

சொல்ல வந்ததை முதல்லயே சொல்லிடறேன். உங்க வீட்டு விண்டோஸ் பொட்டியில "பிசி கிளீனர்", "ரெஜிஸ்ட்ரி கிளீனர்", "ஆப்டிமைசர்", "டிஎல்எல் ஃபிக்ஸர்"னு பேர் வச்ச எது இருந்தாலும் இன்னிக்கே கழட்டிப் போடுங்க. ஊர்ல அப்பா அம்மா வச்சிருக்கற பொட்டியில இருந்தா அதை முதல்ல கழட்டுங்க. காசு குடுத்து வாங்கினதா இருந்தாலும் சரி, மூணு வருஷ சந்தா பாக்கி இருந்தாலும் சரி. இந்த வியாபாரம் பாதி பயம், பாதி பொய். மிச்சம் ஏதாவது இருந்தா அது ஆபத்து.

இதைச் சொல்ல நீ யாருன்னு கேட்டா, நொய்டாவுல பொட்டி தட்டிப் பிழைக்கறவன். எங்க குடியிருப்புல இருபது தமிழ்க் குடும்பமாவது இருக்கும். ஞாயித்துக்கிழமை ஆனா யாராவது ஒருத்தர் லேப்டாப்பைத் தூக்கிட்டு வந்துடுவாங்க. தங்கமணி காபி போட்டுக் குடுத்தே ஓய்ஞ்சு போயிட்டாங்க. வர்ற நோய் ரெண்டே ரெண்டுதான். ஒண்ணு, "ரொம்ப ஸ்லோவா இருக்கு". இன்னொண்ணு, "ஏதோ டிஎல்எல் காணோம்னு வருது". திறந்து பார்த்தா உள்ள ரெண்டு ஆன்டிவைரஸ் ஒண்ணையொண்ணு முறைச்சுக்கிட்டு நிக்கும், பக்கத்துலயே ஒரு கிளீனர் விளக்குமாத்தோட சுத்திக்கிட்டு இருக்கும். நோயைக் குணப்படுத்தறேன்னு வந்ததே நோயா இருக்கும்.

அது என்ன டிஎல்எல்?

எங்க ஊர்ல கோயில்ல பெரிய அண்டா, தவலை, ஜல்லிக்கரண்டி எல்லாம் பொதுவுல வாங்கி வச்சிருப்பாங்க. கல்யாணமோ காதுகுத்தோ, யார் வீட்டு விசேஷமா இருந்தாலும் அங்கேருந்துதான் எடுத்துட்டுப் போவாங்க. வீட்டுக்கு வீடு இருநூறு பேருக்குச் சமைக்கற அண்டா வாங்கி வைக்க முடியுமா? வைக்கத்தான் இடம் இருக்கா?

டிஎல்எல் அதேதான். திரையில ஜன்னல் வரையறது, எழுத்தைக் காட்டறது, பிரிண்டருக்கு அனுப்பறது மாதிரி எல்லா மென்பொருளுக்கும் தேவைப்படற வேலையை ஒரே இடத்துல எழுதி, கோப்பா வச்சு, எல்லாரும் பகிர்ந்துக்கறாங்க. ஆரம்பகால விண்டோஸ்லேருந்தே இப்படித்தான். அன்னிக்கு நினைவகமும் டிஸ்க்கும் யானை விலை. பத்து மென்பொருள் ஒரே கோப்பைப் பயன்படுத்தினா இடம் மிச்சம், ஒரு ஓட்டையை அடைச்சா பத்துக்கும் சேர்த்து அடைஞ்சுடும்.

சரி, கோயில்ல ஒரு நோட்டு இருக்கும் இல்லையா, யார் எடுத்தா, எப்போ திருப்பிக் குடுத்தான்னு? விண்டோஸ்லயும் உண்டு. ரெஜிஸ்ட்ரியில "ஷேர்டு டிஎல்எல்ஸ்"னு ஒரு இடம். ஒரு மென்பொருளை நிறுவும்போது, அது பயன்படுத்தற பொதுக் கோப்புக்கு நேரா ஒண்ணு கூட்டணும். நீக்கும்போது ஒண்ணு கழிக்கணும். கணக்கு பூஜ்யம் ஆனா, "இந்தப் பொதுக் கோப்பை வேற யாரும் பயன்படுத்தறதாத் தெரியல, அழிச்சுடலாமா?"ன்னு கேட்கும். பழைய விண்டோஸ்ல இந்தக் கேள்வியைப் பார்த்து எத்தனை பேர் கை நடுங்கி "நோ" அழுத்தியிருக்கோம்!

நடுங்கினது நியாயம். ஏன்னா அந்த நோட்டு நம்பகமானது இல்ல. சில நிறுவிகள் கணக்கே எழுதாது. சிலது மறுபடி நிறுவும்போது ரெண்டு தடவை எழுதிடும். நிறுவாமலே ஒரு ஃபோல்டரைக் காப்பி பண்ணி ஓட்டற மென்பொருளுக்கு நோட்டுப் பக்கமே தெரியாது. நோட்டுல பேர் இல்லைங்கறதால அண்டாவுல இப்போ யார் வீட்டு சாம்பாரும் கொதிக்கலன்னு அர்த்தம் கிடையாது.

இதுதான் இந்தப் பதிவோட முழுச் சாரமும். ஒரு பொதுக் கோப்பை யார் பயன்படுத்தறாங்கன்னு வெளியிலேருந்து பார்த்து உறுதியாச் சொல்ல எந்த கிளீனராலயும் முடியாது. கோப்பை எழுதினவனுக்கும் விண்டோஸை எழுதினவனுக்குமே சந்தேகம் வர்ற இடத்துல, இவன் மட்டும் சிவப்பு எழுத்துல "214 தவறான டிஎல்எல்கள்"னு தீர்ப்பு எழுதறான்.

செஞ்சா ஆபத்து, செய்யலைன்னா ஏமாத்து

நியாயமாவே பேசுவோம். பெரும்பாலான கிளீனர்கள் அழிக்கறது டிஎல்எல் கோப்பை இல்ல, நோட்டுல இருக்கற வரியைத்தான். இல்லாத அண்டாவுக்கு எழுதின பழைய வரி. அதை அழிச்சா உங்களுக்கு என்ன கிடைக்கும்? சில நூறு எழுத்து மிச்சம். வேகம்? ஒரு துளி கூடாது. ரெஜிஸ்ட்ரியில லட்சக்கணக்கான வரிகள் இருக்கு. விண்டோஸ் அதை முதல் பக்கத்துலேருந்து வரிவரியாப் படிக்கறதில்ல. அகராதியில சொல் தேடற மாதிரி நேரா வேண்டிய இடத்துக்குப் போகும். ஆயிரம் வரி குறைஞ்சாலும் தேடற நேரம் உங்க கண்ணுக்குத் தெரியற அளவு குறையாது.

இன்னொரு ரகம் நிஜமாவே கை வைக்கும். கழட்டி வச்சிருக்கற வெளி டிஸ்க்குல இருக்கற கோப்பை "காணோம்"னு முடிவு பண்ணி அதோட பதிவை நீக்கும். ஒரே பேர்ல ரெண்டு டிஎல்எல் இருந்தா "இரட்டைக் கோப்பு"ன்னு ஒண்ணைத் தூக்கும். இது அறியாமையோட உச்சம். விண்டோஸ் 95, 98 காலத்துல புதுசா ஒரு மென்பொருளை நிறுவினா, அது தன்னோட பழைய டிஎல்எல்லைக் கொண்டுவந்து புதுசு மேல எழுதிட்டுப் போயிடும். அதுவரைக்கும் ஓடிக்கிட்டிருந்த வேற ஏதோ படுத்துக்கும். "டிஎல்எல் நரகம்"னே அதுக்குப் பேர். அதைத் தீர்க்கத்தான் விண்டோஸ் 2000-ல முக்கியக் கோப்புகளுக்குக் காவல் போட்டாங்க. 2001-ல வந்த எக்ஸ்பியில ஒரே டிஎல்எல்லோட பல பதிப்புகளைப் பக்கத்துப் பக்கத்துல வச்சிருக்கற ஏற்பாடு வந்துச்சு. "வின் எஸ்எக்ஸ்எஸ்"னு ஒரு ஃபோல்டர் பல ஜிபி காட்டுதே, அதுதான். அதுல பாதி கணக்கு மாயை, ஒரே கோப்புக்கு ரெண்டு வாசல் இருக்கறதால ரெண்டு தடவை எண்ணப்படுது. அதுக்குள்ள கை விட்டு அழிக்காதீங்கன்னு மைக்ரோசாஃப்ட்டே எச்சரிக்குது. நம்ம ஆளு "இடம் மிச்சம் பண்ணித் தர்றேன்"னு அங்கதான் போவான்.

ஆக, கிளீனர் ஒண்ணும் செய்யலைன்னா நீங்க குடுத்த காசு தண்டம். ஏதாவது செஞ்சா உங்க பொட்டி தண்டம்.

ரெஜிஸ்ட்ரி கிளீனர்களைப் பயன்படுத்தறதை ஆதரிக்கலைன்னு மைக்ரோசாஃப்ட் எழுதியே வச்சிருக்கு. அதனால கோளாறு வந்தா விண்டோஸையே மறுபடி நிறுவ வேண்டி வரலாம்னும் சொல்லுது. 90-கள்ல அவங்களே "ரெக்கிளீன்"னு ஒண்ணு விட்டுப் பார்த்துட்டு, அப்புறம் திரும்ப வாங்கிக்கிட்டாங்க. வீடு கட்டின கொத்தனாரே கை வைக்கப் பயப்படற தூணை, தெருவுல போறவன் சுரண்டித் தர்றேங்கறான்.

ஆன்டிவைரஸ்காரங்களே சறுக்கின இடம்

ஆன்டிவைரஸும் டிஎல்எல்களோட மூட்டைதான். தேடற என்ஜின் ஒரு நூலகம். வலது கிளிக் பண்ணினா "ஸ்கேன்"னு ஒரு வரி வருதே, அது எக்ஸ்ப்ளோரருக்குள்ள போய் உட்கார்ந்திருக்கற ஒரு டிஎல்எல். விண்டோஸ் 10-லேருந்து, ஸ்க்ரிப்ட்களை ஓடறதுக்கு முன்னாடி சோதிக்க ஆன்டிவைரஸ் தன் டிஎல்எல்லை முறையாப் பதிவு பண்ணிக்க ஒரு வழி இருக்கு. முறையில்லாம அடுத்த மென்பொருளுக்குள்ள நுழையறதும் உண்டு. 2017-ல கூகுள் சொன்னதைக் கேளுங்க. இப்படி வெளி ஆள் உள்ள நுழையற கணினிகள்ல குரோம் படுத்துக்கற வாய்ப்பு 15 சதவீதம் அதிகமாம். அதனால அடுத்த வருஷத்துலேருந்து படிப்படியாத் தடுக்க ஆரம்பிச்சாங்க.

இப்போ முக்கியமான விஷயம். ஆய்வுக்கூடம், நூத்துக்கணக்கான பொறியாளர், பரிசோதனைக் குழு எல்லாம் வச்சிருக்கற ஆன்டிவைரஸ் கம்பெனிகளே நல்ல டிஎல்எல் எது, கெட்ட டிஎல்எல் எதுன்னு தடுமாறியிருக்காங்க.

2007 மே மாசம் சிமாண்டெக், சீன மொழி எக்ஸ்பியில ரெண்டு அடிப்படை டிஎல்எல்களை வைரஸ்னு பிடிச்சுத் தூக்கிடுச்சு. கணினிகள் எழுந்திருக்கவே இல்ல. 2008 நவம்பர்ல ஏவிஜி, எக்ஸ்பியோட சில மொழிப் பதிப்புகள்ல "யூசர்32 டிஎல்எல்"லை வைரஸ்னு சொல்லுச்சு. அது விண்டோஸ்ல திரையையும் மவுஸையும் பார்த்துக்கற உயிர்நாடி. நம்பி அழிச்சவங்களுக்கு அடுத்த தடவை பொட்டி எழும்பல. 2010 ஏப்ரல் 21 அன்னிக்கு மெக்காஃபி, எக்ஸ்பியில "எஸ்விசிஹோஸ்ட்"டைப் பிடிச்சது. டிஎல்எல்களா இருக்கற சேவைகளை ஏத்திக்கிட்டு ஓடற வண்டியே அதுதான். ஆபீஸ் ஆபீஸா கணினிகள் திரும்பத் திரும்ப ரீஸ்டார்ட் ஆகிக்கிட்டே இருந்துச்சு.

2024 ஜூலை 19 எல்லாருக்கும் ஞாபகம் இருக்கும். கிரவுட்ஸ்ட்ரைக்கோட ஒரு அப்டேட், மைக்ரோசாஃப்ட் கணக்குப்படி 85 லட்சம் விண்டோஸ் கணினிகளைப் படுக்க வச்சது. நம்ம ஊர் விமான நிலையங்கள்ல கையால போர்டிங் பாஸ் எழுதிக் குடுத்தாங்க. அது டிஎல்எல் கோளாறு இல்ல, இன்னும் ஆழத்துல ஓடற டிரைவர் கோளாறு. ஆனா பாடம் ஒண்ணுதான். அமைப்போட அடிவயித்துல கை வைக்கறவன் தப்பு பண்ணினா, அது சின்னத் தப்பா இருக்காது.

இவ்வளவு பெரிய ஆளுங்களே சறுக்கற இடத்துல, பேர் ஊர் தெரியாத ஒரு கிளீனர் கம்பெனி உங்க 214 டிஎல்எல்களை ஒரு நிமிஷத்துல ஆராய்ஞ்சு தீர்ப்பு சொல்லிடுச்சுன்னு நம்பறீங்களா? முடியல சாமி.

நிஜமான அழுக்கை இவங்க தொடறதே இல்ல

பொது நூலகக் கோப்புகள்ல நிஜமான ஆபத்து உண்டு. ஆனா அது கிளீனர் காட்டற பட்டியல்ல வராது.

2016-ல கூகுளோட பாதுகாப்பு ஆய்வாளர் டேவிஸ் ஆர்மண்டி, சிமாண்டெக் என்ஜின்ல பெரிய ஓட்டைகளைக் கண்டுபிடிச்சார். சுருக்கின கோப்புகளைப் பிரிச்சுப் பார்க்கற பகுதிக்கு அவங்க திறமூல நூலகங்களை எடுத்துப் போட்டிருந்தாங்க. எடுத்தது தப்பில்ல. ஆனா குறைஞ்சது ஏழு வருஷமா அதைப் புதுப்பிக்கவே இல்ல. வைரஸை மின்னஞ்சல்ல அனுப்பினா போதும், நீங்க திறக்கக்கூட வேண்டாம், ஆன்டிவைரஸ் சோதிச்சுப் பார்க்கறப்பவே உள்ள நுழைஞ்சுடலாம். காவல்காரன் மூலமாவே திருடன்!

2019 பிப்ரவரியில வின்ரார் கதை. "ஏஸ்"ங்கற பழைய வகைக் கோப்பைப் பிரிக்க ஒரு டிஎல்எல் வச்சிருந்தாங்க. 2005-க்கு அப்புறம் அதைப் புதுப்பிக்கவே இல்ல, மூல நிரலும் அவங்க கையில இல்ல. அதுல ஓட்டைன்னு செக் பாயிண்ட் கண்டுபிடிச்சதும், அந்த டிஎல்எல்லையே தூக்கி எறியறதைத் தவிர அவங்களுக்கு வேற வழி இல்லாமப் போச்சு.

இதுதான் அழுக்கு. யாரும் கவனிக்காம வருஷக்கணக்கா உட்கார்ந்திருக்கற பழைய பொது நூலகம். இதுக்கு மருந்து, அந்த மென்பொருளோட புதுப் பதிப்பைப் போடறது, இல்லன்னா மென்பொருளையே நீக்கறது. கிளீனர் உங்க வின்ராரைப் பார்த்து "உள்ள ஓட்டை டிஎல்எல் இருக்கு"ன்னு அன்னிக்குச் சொல்லுச்சா? "3 ஜிபி குப்பை"ன்னு உங்க பிரவுசர் கேஷைத்தான் காட்டியிருக்கும்.

விளக்குமாத்துக்குள்ள பாம்பு

இதுக்கு மேலயும் கிளீனரை நம்பறவங்களுக்கு 2017 சிகிளீனர் கதை. உலகத்துலயே பிரபலமான கிளீனர். ஆன்டிவைரஸ் கம்பெனியான அவாஸ்ட் அந்த வருஷம் ஜூலையிலதான் அதை வாங்கியிருந்தது. ஆகஸ்ட் 15-லேருந்து செப்டம்பர் 12 வரைக்கும், அதிகாரபூர்வத் தளத்துலயே, முறையான டிஜிட்டல் கையெழுத்தோட, உள்ள திருட்டு நிரல் வச்ச பதிப்பு போயிக்கிட்டிருந்தது. 22.7 லட்சம் பேர் கணினியில இறங்கிடுச்சு. திருடங்க குறி வச்சது பெரிய தொழில்நுட்பக் கம்பெனிகளை. அங்க ரெண்டாம் கட்டமா ஒரு டிஎல்எல்லை இறக்கினாங்க. 64 பிட் கணினிகள்ல அது யார் வேஷத்துல வந்துச்சு தெரியுமா? சிமாண்டெக் ஆன்டிவைரஸோட கோப்புப் பேர்ல! கிளீனர் வழியா வந்த பாம்பு, ஆன்டிவைரஸ் டிஎல்எல் வேஷம் போட்டுக்கிட்டு உட்கார்ந்துச்சு. இதை விட நான் என்னத்தைச் சொல்ல?

அவாஸ்டோட இன்னொரு கதையும் கேட்டுக்கோங்க. பாதுகாப்பு தர்றேன்னு சொல்லி, மக்கள் எந்தெந்தத் தளத்துக்குப் போறாங்கங்கற விவரத்தை ஜம்ப்ஷாட்ங்கற துணைக் கம்பெனி மூலமா வித்தாங்க. 2020 ஜனவரியில பத்திரிகைகள்ல அம்பலமாகி, ஜம்ப்ஷாட்டை மூடினாங்க. 2024-ல அமெரிக்க வணிக ஆணையம் 1.65 கோடி டாலர் தண்டம் போட்டது.

பயம்தான் சரக்கு

இந்த வியாபாரம் எப்படி நடக்குதுங்கறதுக்கு அமெரிக்க வணிக ஆணையத்தோட வழக்குகளே சாட்சி. ஆபீஸ் டிப்போங்கற பெரிய கடை வலையமைப்புல "இலவசப் பரிசோதனை" பண்ணினாங்க. பொட்டி மெதுவா இருக்கா, அடிக்கடி நின்னுபோகுதா, இப்படி நாலு கேள்வி. நாலுல ஒண்ணுக்கு டிக் அடிச்சாலே போதும், ஸ்கேன் முடிவுல வைரஸ் அறிகுறின்னு வந்துடும். ஸ்கேன் என்ன கண்டுபிடிச்சதுங்கறதுக்கும் முடிவுக்கும் சம்பந்தமே இல்ல! 2019-ல அந்தக் கடை 2.5 கோடி டாலரும், மென்பொருள் குடுத்த சப்போர்ட் டாட் காம் 1 கோடி டாலரும் கட்ட ஒத்துக்கிட்டாங்க. 2024-ல ரெஸ்டோரோ, ரீஇமேஜ்ங்கற ரெண்டு "பிசி ரிப்பேர்" கம்பெனிகள் 2.6 கோடி டாலர். விண்டோஸே எச்சரிக்கற மாதிரி பாப்-அப் காட்டிப் பயமுறுத்தினாங்கங்கறது வழக்கு.

ஸ்கேனுக்குக் காசு கிடையாது, "ஃபிக்ஸ் ஆல்" பட்டனுக்குத்தான் காசு. அப்படின்னா ஸ்கேன் எப்படி முடியணும்னு யாருக்கு அக்கறை? யோசிச்சுக்கோங்க.

இந்தத் தொழிலோட கிளை நான் இருக்கற ஊர்லயே இருக்குங்கறதுதான் வெட்கக்கேடு. நொய்டா, குர்கான் பக்கம் போலி டெக் சப்போர்ட் கால் சென்டர்கள்ல போலீஸ் நுழைஞ்ச செய்தி வருஷா வருஷம் வருது. 2023 அக்டோபர்ல சி.பி.ஐ. "சக்ரா-2"ன்னு பேர் வச்சு நாடு முழுக்க 76 இடத்துல சோதனை போட்டுச்சு. மைக்ரோசாஃப்ட்டும் அமேசானும் குடுத்த புகார்களும் அதுல உண்டு. இவங்க உத்தி ரொம்ப எளிசு. போன்ல "ஈவென்ட் வியூவரைத் திறங்க சார்"ம்பான். அது விண்டோஸோட நாட்குறிப்பு. நல்லா ஓடற பொட்டியிலயும் சிவப்புக் குறி நூறு இருக்கும். "பார்த்தீங்களா, எல்லாம் வைரஸ், டிஎல்எல் கரப்ட்"ம்பான். அப்புறம் தூரத்துலேருந்து பொட்டியைத் தன் கையில எடுத்துப்பான். அதுக்கப்புறம் போறது டிஎல்எல் இல்லீங்க, வங்கிக் கணக்கு.

இப்போ ஊர்ல இருக்கற அப்பாவை நினைச்சுப் பாருங்க. ஓய்வூதியம் வர்ற கணக்கு அந்தப் பொட்டியிலதான். பேரப்பிள்ளைங்க போட்டோ எல்லாம் அதுலதான். நாம இருக்கறது ரெண்டாயிரம் கிலோமீட்டர் தள்ளி. பக்கத்துக் கடைப் பையன் போட்டுக் குடுத்த கிளீனர் தினமும் காலையில "உங்கள் கணினி ஆபத்தில் உள்ளது"ன்னு கத்துது. ஆறு மாசம் தினமும் இதைப் பார்த்துப் பழகின மனுஷனுக்கு, ஒரு நாள் "மைக்ரோசாஃப்ட்லேருந்து பேசறோம்"னு போன் வந்தா எப்படிச் சந்தேகம் வரும்? பயத்துக்கு ஏற்கனவே உழுது வச்ச நிலம் அது. கிளீனர் விக்கறவன் விதைக்கறான், போன்ல பேசறவன் அறுக்கறான். அதனாலதான் "சும்மா கிடக்கட்டும், என்ன கெட்டுப்போச்சு"ங்கற பேச்சை நான் ஏத்துக்கறதே இல்ல.

"டிஎல்எல் காணோம்"னு வந்தா?

அப்பா போன் பண்றார். "தம்பி, எம்எஸ்விசிபி140 டிஎல்எல் காணோம்னு வருதுடா. நெட்ல தேடினேன், ஒரு இடத்துல இலவசமாக் குடுக்கறான், இறக்கட்டுமா?"

"அப்பா, தொடாதீங்க!"

டிஎல்எல்லைத் தனியா அவுத்துக் குடுக்கற தளங்கள்ல எதுலயும் இறக்காதீங்க. எந்தப் பதிப்பு, யார் கை பட்டது, 32 பிட்டா 64 பிட்டா, ஒண்ணும் தெரியாது. ஒரு மென்பொருள் டிஎல்எல்லைத் தேடும்போது பெரும்பாலும் முதல்ல தன் ஃபோல்டர்லயேதான் பார்க்கும். அங்க அதே பேர்ல கெட்டது ஒண்ணு உட்கார்ந்திருந்தா அதையே ஏத்திக்கும். திருடங்க இதையே தொழில் நுணுக்கமா வச்சிருக்காங்க. பிளக்எக்ஸ்ங்கற உளவு நிரல், மெக்காஃபியோட உண்மையான கையெழுத்துப் போட்ட கோப்பையே பக்கத்துல வச்சு, அது தேடற பேர்ல தன் போலி டிஎல்எல்லை ஏத்த வச்சது பிரசித்தம்.

மேல சொன்ன எம்எஸ்விசிபி140 வந்தா விஷயம் சின்னது. மைக்ரோசாஃப்ட் தளத்துல "விஷுவல் சி பிளஸ் பிளஸ் ரீடிஸ்ட்ரிபியூட்டபிள்"னு இலவசமா இருக்கு, அதை நிறுவினாப் போதும். வேற டிஎல்எல்னா, எந்த மென்பொருள் கேட்குதோ அதை நீக்கிட்டு அதோட சொந்தத் தளத்துலேருந்து மறுபடி போடுங்க. விண்டோஸோட டிஎல்எல்லே கெட்டிருந்தா, கமாண்ட் பிராம்ப்ட்டை அட்மினிஸ்ட்ரேட்டரா திறந்து எஸ்எஃப்சி, ஒரு இடைவெளி, சாய்கோடு, ஸ்கேன்நவ்னு அடிச்சா, விண்டோஸ் தானே சோதிச்சு நல்ல கோப்பை வச்சு மாத்திடும். போன்லயே அம்மாவுக்குச் சொல்லி அடிக்க வைக்கலாம். காசு ஒரு பைசா கிடையாது.

வாட்ஸப்ல "இந்தக் கோப்பு உங்க கணினியில இருந்தா உடனே அழிக்கவும்"னு வந்தாலும் இதே கதைதான். இது ஒண்ணும் புதுசில்ல. 2001-ல "சல்ஃப்என்பிகே"ங்கற கோப்பு வைரஸ்னு மின்னஞ்சல் சுத்துச்சு. 2002-ல கரடி பொம்மைப் படம் போட்ட "ஜேடிபிஜிஎம்ஜிஆர்". ரெண்டுமே விண்டோஸோட சொந்தக் கோப்புதான். உலகம் முழுக்க ஜனங்க தங்கள் கையாலயே அழிச்சாங்க. வைரஸ் எழுதற செலவுகூட இல்லாம நடந்த நாசம்.

சில எதிர்க்கேள்விகள்

"கிளீனர் ஓட்டினா எனக்கு வேகமாத்தான் இருக்கு." அப்புறம் ஒரு ரீஸ்டார்ட் பண்ணியிருப்பீங்க, வேகம் அதுல வந்தது. வெறும் ரீஸ்டார்ட் பண்ணிப் பாருங்க. அதுவும் போதலைன்னா, பழைய சுழல் டிஸ்க்கை மாத்தி எஸ்எஸ்டி போடுங்க. பத்து வருஷ கிளீனர் சந்தா தராத வேகத்தை அது ஒரே நாள்ல தரும்.

"டிஸ்க் நிறைஞ்சு போச்சே?" விண்டோஸ்லயே செட்டிங்ஸ், சிஸ்டம், ஸ்டோரேஜ்னு போனா தற்காலிகக் கோப்புகளை அழிக்க வழி இருக்கு. தன் அண்டா எது, தவலை எதுன்னு தெரிஞ்சவன் அவன். டவுன்லோட்ஸ் ஃபோல்டருக்கு மட்டும் டிக் வைக்காதீங்க, அதுல உங்க ஆதார் பிடிஎஃப் இருக்கும் :-)

"அப்போ ஆன்டிவைரஸும் வேண்டாமா?" வேணும். ஒண்ணே ஒண்ணு வேணும். விண்டோஸோட வர்ற டிஃபெண்டர் வீட்டுக்குப் போதும். வேற வாங்கியிருந்தா அதை மட்டும் வச்சுக்கோங்க, டிஃபெண்டர் தானா ஒதுங்கிக்கும். ரெண்டு வாங்கின ஆன்டிவைரஸை ஒண்ணா ஓட்டறது, ஒரே உறையில ரெண்டு கத்தி. பழசை நீக்கும்போது அந்தக் கம்பெனியே குடுக்கற நீக்கும் கருவியைப் பயன்படுத்துங்க, மிச்சம் மீதி டிஎல்எல்லை அதுதான் ஒழுங்காத் துடைக்கும். கிளீனரை அங்கயும் கூப்பிடாதீங்க.

"விண்டோஸ் 10 வச்சிருக்கோமே?" அதுக்கான வழக்கமான ஆதரவு 2025 அக்டோபர் 14 அன்னிக்கு முடிஞ்சுபோச்சு. ஓட்டை அடைபடாத விண்டோஸ் மேல எத்தனை கிளீனர் ஓட்டினாலும், கூரை இல்லாத வீட்டுக்குக் கோலம் போடற கதைதான். விண்டோஸ் 11-க்கு மாற முடியுமான்னு முதல்ல பாருங்க.

செய்ய வேண்டியது

1. கிளீனர், ஆப்டிமைசர், டிஎல்எல் ஃபிக்ஸர், எல்லாத்தையும் நீக்குங்க. சந்தா தானாப் புதுப்பிக்கற ஏற்பாடு இருந்தா கார்டுல அதையும் நிறுத்துங்க.
2. ஆன்டிவைரஸ் ஒண்ணு மட்டும்.
3. விண்டோஸ் அப்டேட்டை மூடி வைக்காதீங்க. பிரவுசர், வின்ரார் மாதிரி தினம் புழங்கற மென்பொருளையும் புதுப்பிங்க. பயன்படுத்தாததை நீக்குங்க.
4. போட்டோவும் பத்திரங்களும் ஒரு வெளி டிஸ்க்குல தனியா. காப்பி எடுத்ததும் கழட்டி வச்சுடுங்க.
5. ஊர்ல இருக்கற பொட்டியில பெரியவங்களுக்கு அட்மினிஸ்ட்ரேட்டர் இல்லாத சாதாரணக் கணக்கு. கடவுச்சொல் உங்ககிட்ட இருந்தா, யாரும் அவங்களை வச்சு எதையும் சுலபமா நிறுவிட முடியாது.
6. மைக்ரோசாஃப்ட் யாருக்கும் தானாக் கூப்பிட்டு "உங்க பொட்டியில வைரஸ்"னு சொல்லாது. இதை ஒரு சீட்டுல தமிழ்ல பெருசா எழுதி, மானிட்டர் ஓரத்துல ஒட்டச் சொல்லுங்க.

கடைசியா ஒண்ணு. நம்ம ஜனங்க காசு விஷயத்துல ஏமாளிங்க இல்ல. கத்திரிக்காய் வாங்கறப்போ கூட காம்பைத் திருப்பிப் பார்க்கறவங்கதான். ஆனா கண்ணுக்குத் தெரியாத பொருள்னு வந்தா, சிவப்பு எழுத்தைப் பார்த்ததும் கார்டை எடுத்து நீட்டிடறோம். "214 டிஎல்எல் தப்பா இருக்கு"ன்னு எவனாவது சொன்னா, திருப்பி ஒரே ஒரு கேள்வி கேளுங்க: "அந்த 214-ல ஒண்ணே ஒண்ணைக் காட்டு. அது இல்லாததால என்னோட எந்த வேலை நின்னுச்சு, சொல்லு." பதில் வராது. வராத வரைக்கும் கார்டு பையிலயே இருக்கட்டும்.